கெரோரோ படை ஏன் ஒருமுறைகூட ஜெயிக்கவில்லை? பூமியைப் பிடிக்க வந்து வழிமாறிப் போனவர்களின் குட்டி அனிமே கதைகள் பற்றி ஓர் இழை

பச்சைத்தொப்பி எழுதியது:

கெரோரோ குன்சோவை மறுபடி முதலிலிருந்து பார்த்துக்கொண்டிருக்கிறேன். ரொம்ப நாளாக மனசில் ஓடும் ஒரு விஷயத்தை இங்கே போடுகிறேன், பேசுவோம்.

பார்க்காதவர்களுக்காகக் கொஞ்சம் பின்னணி. யோஷிசாகி மினே 1999-இல் கடோகாவாவின் ஷோனென் ஏஸ் இதழில் ஆரம்பித்த மாங்கா (ஜப்பானியப் படக்கதை) இது. சன்ரைஸ் நிறுவனம் 2004 ஏப்ரலில் அனிமேயாக்கியது. டிவி டோக்கியோவில் 2011 ஏப்ரல் வரை 358 எபிசோடுகள் ஓடின. கெரோன் என்கிற கிரகத்திலிருந்து பூமியைப் பிடிக்க வந்த தவளை உருவச் சிப்பாய்கள் ஐந்து பேர்: கெரோரோ, கிரோரோ, தமாமா, குருரு, டொரோரோ. தலைவன் கெரோரோ ஆரம்பத்திலேயே ஹினாட்டா வீட்டுப் பிள்ளைகள் ஃபுயுகி, நட்சுமி கையில் மாட்டிக்கொள்கிறான். கெரோபால் என்கிற சர்வ ஆயுதமும் பறிபோகிறது. வேவுப்படை பிடிபட்டது தெரிந்ததும் தாய்ப்படை இவர்களை விட்டுவிட்டுக் கிளம்பிவிடுகிறது. அன்றிலிருந்து அவன் அந்த வீட்டின் நிலவறை அறையில் தங்கி, வீடு பெருக்கி, துணி துவைத்து, மிச்ச நேரத்தில் உலகத்தைப் பிடிக்கத் திட்டம் போடுகிறான்.

இந்தத் தொடரைப் பற்றிப் பேசுகிறவர்கள் எல்லாரும் "முட்டாள் ஏலியன்கள், அதனால் தோற்கிறார்கள்" என்று சொல்லிவிட்டுப் போகிறார்கள். எனக்கு அது சரியாகப் படவில்லை. இவர்கள் கையில் என்னென்ன இருக்கிறது என்று பாருங்கள். வீட்டுக்கு அடியில் யாருக்கும் தெரியாமல் ஒரு பிரம்மாண்ட தளம் கட்டிவிட்டார்கள். மனிதர் கண்ணுக்கே தட்டுப்படாமல் மறைக்கும் தடுப்பு உண்டு. ஆளின் வயதைக் கூட்டிக் குறைக்கும் துப்பாக்கியைக் குருரு ஒரு மத்தியானத்தில் செய்துவிடுவான். கிரோரோ தனியாளாக ஒரு படைக்குச் சமம். தமாமா வாயைத் திறந்தால் மதில் இடிந்துவிழும். ஒரு நாள் போதும், பூமியை முடித்துவிடலாம்.

ஆனால் அந்த நாள் வருவதே இல்லை. கூட்டம் போடுவார்கள், கெரோரோ பலகை முன் நின்று முழங்குவான், கருவி தயாராகும், வேலையும் செய்யும். சரியாக அந்த இடத்தில் அவனுக்கு வேறு ஏதாவது ஆசை வந்துவிடும். இன்று ஒரு கன்பிளா கிட் (கன்டம் ரோபோ தொடரின் பிளாஸ்டிக் மாடல், நாமே கட்டவேண்டும்) வெளியாகிறது, கடை மூடுவதற்குள் போகவேண்டும். இல்லையென்றால் இன்று குளியலறை கழுவுவது அவன் முறை. படையெடுப்பு தோற்பது அறிவு போதாமல் இல்லை, அவனுக்கு அந்த வீட்டில் செய்வதற்கு நிறைய இருக்கிறது என்பதால்தான் என்று நான் நினைக்கிறேன். பல வாரங்களில் அரைமணி நேரத்துக்குள் இரண்டு தனித்தனிக் கதைகள் வரும். ஒன்றுக்குப் பன்னிரண்டு நிமிடம்கூடத் தேறாது. அதற்குள் இவ்வளவையும் காட்டிவிடுகிறார்களே, அதுதான் எனக்குப் பிரமிப்பு.

நிப்பர்கை எழுதியது:

கன்பிளா பேச்சு வந்தால் நான் சும்மா இருக்கமாட்டேன்.

முதல் கன்டம் தொடர் 1979-இல் வந்தபோது 52 எபிசோடு திட்டம், 43-இல் நிறுத்திவிட்டார்கள். 1980 ஜூலையில் பண்டாய் என்கிற பொம்மை நிறுவனம் 1/144 அளவில், 300 யென் விலையில் முதல் கிட்டை விட்டது. மறு ஒளிபரப்பும் அந்த கிட்களும் சேர்ந்துதான் கன்டத்தைத் தூக்கி நிறுத்தின. கன்டத்தை எடுத்த அதே சன்ரைஸ்தான் கெரோரோவையும் செய்தது. அதனால்தான் வேறு தொடர்கள் பெயரை மாற்றி, முகத்தை மங்கலாக்கித் தொடும் விஷயங்களை இவர்கள் உரிமையோடு நேரடியாகத் தொடுகிறார்கள். கிரோரோ ஏன் சிவப்பு? கன்டம் பார்த்த எவருக்கும் பதில் தெரியும்: அதில் சிவப்பு ரோபோவோடு வரும் சார் அஸ்னபிள்.

கெரோரோ கிட் கட்டும் காட்சிகளை உற்றுப் பாருங்கள். அவன் பொம்மை வைத்து விளையாடும் பிள்ளை இல்லை, கைவேலைக்காரன். நிஜத்தில் அந்த வேலை எப்படி என்றால், பிளாஸ்டிக் சட்டத்திலிருந்து பாகத்தை ஒரே வெட்டாக வெட்டக் கூடாது. முதலில் கொஞ்சம் தள்ளி வெட்டி, பாகம் கையில் வந்ததும் மிச்ச முனையை ஒட்டி நறுக்கவேண்டும். அவசரப்பட்டால் அந்த இடம் வெள்ளையாக வெளுத்துப்போகும், அப்புறம் என்ன தேய்த்தாலும் போகாது. பிறகு 400, 800, 1000 என்று உப்புத்தாள் மாற்றி மாற்றித் தேய்த்து, இரண்டு பாதி சேரும் கோட்டைப் பசை போட்டு மறைத்து, காயவிட்டு, மறுபடி தேய்க்கவேண்டும். ஒரு தோள்பட்டைக்கே ஒரு சாயங்காலம் போய்விடும். இதை ஆசையாகச் செய்கிறவனுக்குப் பூமியை இடிக்க நேரம் ஏது? பூமி இருந்தால்தான் அடுத்த கிட் வரும்!

இன்னொன்று. பிற்பாடு பண்டாய் கெரோரோ படையையே பிளாஸ்டிக் கிட்டாக விட்டது. என் அலமாரியில் ஐந்து பேரும் இருக்கிறார்கள்.

கடைசிபெஞ்ச் எழுதியது:

ரெண்டு பேருக்கும் வணக்கம். நான் கொஞ்சம் எதிர்ப்பக்கம்.

பச்சைத்தொப்பி சொல்வது நல்ல எபிசோடுகளுக்குப் பொருந்தும். ஆனால் மொத்தத்தையும் எடுத்தால் பாதிக்குப் பாதி கதைகளில் அவன் தோற்பதற்கு ஒரே காரணம்தான்: நட்சுமி வருவாள், உதைப்பாள், முடிந்தது. திட்டம், கருவி, கொஞ்ச நேரம் வெற்றி, உதை. இந்த வரிசை மாறவே மாறாது. குழந்தைகளுக்கான நேரத்தில் ஏழு வருஷம் ஓட்டவேண்டும் என்றால் அப்படித்தான் செய்யமுடியும், அதைக் குறை சொல்லவில்லை. ஆனால் அதற்கு "அவனுக்கு வீடு பிடித்துவிட்டது" என்கிற அழகான காரணத்தை நாம் பின்னால் சேர்க்கிறோமோ என்று தோன்றுகிறது.

அதோடு 358 எபிசோடு ரொம்ப அதிகம். கடைசி ஒன்றிரண்டு வருஷங்களில் பழைய விஷயத்தையே திரும்பத் திரும்பப் பிழிகிறார்கள். தொடர்ச்சியாகப் பார்த்தால் நன்றாகவே தெரியும்.

பச்சைத்தொப்பி எழுதியது:

கடைசி வருஷங்கள் பற்றி நீங்கள் சொன்னது சரிதான், அங்கே எனக்கும் அலுப்பு வருகிறது. ஆனால் நட்சுமி விஷயத்தில் ஒத்துக்கொள்ளமாட்டேன். இரண்டு சாட்சி கொண்டுவருகிறேன்.

முதலாவது மழைக்காலம். ஜூன் மாதத்தில் ஜப்பானில் மழைக்காலம் வரும், காற்றில் ஈரம் ஏறும். ஈரப்பதம் ஓர் அளவைத் தாண்டினால் தவளை ஜாதிக்குப் பழைய வேகம் திரும்பிவிடும் என்று கதையில் ஓர் ஏற்பாடு. அந்த நாட்களில் கெரோரோவின் கண்ணே மாறிவிடுகிறது, குரல் தாழ்கிறது, நட்சுமியால் அவனை ஒன்றும் செய்யமுடியவில்லை. உதைதான் தோல்விக்குக் காரணம் என்றால் இந்தக் கதையே வந்திருக்கக் கூடாது இல்லையா? அவனுக்குள் நிஜமான படையெடுப்பாளன் ஒருவன் இருக்கிறான், சாதாரண நாட்களில் அவன் வெளியே வருவதில்லை என்பதைத்தான் அது காட்டுகிறது.

இரண்டாவது கருரு. கிரோரோவின் அண்ணன். இந்த ஐந்து பேரால் ஒன்றும் ஆகவில்லை என்று அவர்கள் இடத்துக்குத் தாய்நாடு அனுப்பிவைத்த படையின் தலைவன். இரண்டாம் பருவம் முடியப்போகும் நேரத்தில் வரும் அந்தத் தொடர்கதையை மறக்கமுடியாது. கருருவின் படை வேலையை ஒழுங்காகச் செய்கிறது. பேச்சு இல்லை, கூட்டம் இல்லை, தெருவில் ஆள் இல்லை. அதுவரை நகைச்சுவையாக இருந்த படையெடுப்பு, ஒழுங்காக நடந்தால் எப்படி இருக்கும் என்று முதல்முறையாகத் தெரிகிறது. பயமாகத்தான் இருக்கிறது. அதை எதிர்த்து நிற்பது யார்? கெரோரோ படை. "பூமியைப் பிடிப்பது எங்கள் வேலை" என்கிற ரோஷத்தில் நிற்கிறார்கள். உதைக்குப் பயந்தவன் அப்படி நிற்கமாட்டான்.

நிப்பர்கை எழுதியது:

மழைக்காலக் கதையில் எனக்குப் பிடித்த முரண் ஒன்று. கன்பிளாவுக்குக் கடைசிப் பூச்சு ஸ்ப்ரே அடிக்க உலர்ந்த நாள் வேண்டும். காற்றில் ஈரம் இருந்தால் பூச்சு பால் சிந்தியது மாதிரி வெளிறிவிடும். ஐப்பசி, கார்த்திகையில் நான் ஸ்ப்ரே டப்பாவைத் தொடுவதே இல்லை. ஆக, கெரோரோவுக்குப் படையெடுக்கும் பலம் வரும் நாட்களில் கிட் வேலை செய்யமுடியாது, கிட் வேலைக்குத் தோதான நாட்களில் படையெடுக்கும் பலம் இல்லை. யோஷிசாகி இதை நினைத்து வைத்தாரா என்பது வேறு. கிட் கட்டுகிறவன் பார்த்தால் இதுதான் கண்ணில் படும்.

மிசோனோகுச்சிவாசி எழுதியது:

இந்த இழையில் சன்ரெட் பேச்சே வராதது எனக்குத் தாங்கவில்லை. தென்தாய் சென்ஷி சன்ரெட், 2008, இயக்கம் கிஷி செய்ஜி. வில்லன்கள் ஏலியன்கள் இல்லை, உலகத்தைப் பிடிக்க நினைக்கும் ஃப்ளோர்ஷைம் என்கிற ரகசிய அமைப்பு. ஆனால் குடும்பம் ஒன்றுதான்.

கெரோரோவாவது ஒரு வீட்டில் மாட்டிக்கொண்டான். ஜெனரல் வாம்ப் மாட்டவே இல்லை, அவர் இருப்பதே அப்படித்தான். கவாசாகி நகரத்தில் மிசோனோகுச்சி என்கிற இடம். டோக்கியோவுக்கு ஆற்றுக்கு அந்தப் பக்கம் இருக்கும் சாதாரண ஊர். அங்கே கிளைத் தலைவர். சவால் விடுவதற்கு மரியாதையாகக் கடிதம் எழுதுவார், குப்பையைத் தரம் பிரித்துப் போடுவார், அக்கம்பக்கத்தில் எல்லாருக்கும் அவரைப் பிடிக்கும். எதிரில் இருக்கும் ஹீரோ சன்ரெட், காதலி சம்பாத்தியத்தில் சாப்பிட்டுக்கொண்டு சூதாட்டக் கடையில் உட்கார்ந்திருக்கிறவன். சண்டை என்று வந்தால் ஒரே குத்து. அப்புறம் அரக்கன்களை வரிசையாக உட்காரவைத்து அரைமணி நேரம் அறிவுரை சொல்வான்.

ஒவ்வொரு எபிசோடும் கால்மணி நேரம். அதையும் துண்டு துண்டாக வெட்டியிருப்பார்கள். நடுவில் வாம்ப் அவர்களே ஏப்ரன் கட்டிக்கொண்டு சமையல் சொல்லித்தருவார். நிஜமான சமையல் குறிப்பு, அளவோடு. அதைப் பார்த்துச் செய்து சாப்பிட்டிருக்கிறேன், நன்றாகவே வந்தது. பச்சைத்தொப்பி சொல்லும் "வீட்டில் செய்ய நிறைய இருக்கிறது" என்பதை உச்சத்துக்குக் கொண்டுபோனது இந்தத் தொடர்தான். வாம்புக்கு உலகத்தைப் பிடிப்பதும், இரவு குழம்புக்கு முள்ளங்கி வாங்குவதும் ஒரே தாளில் எழுதிவைத்த வேலைகள்.

கடற்கரைக்கடை எழுதியது:

அப்போ இகா முசுமேயையும் சேர்த்துக்கொள்ளுங்கள் ப்ளீஸ்.

அன்பே மசாஹிரோவின் மாங்கா, 2007 முதல் 2016 வரை ஷோனென் சாம்பியனில். அனிமே 2010-இல், இயக்கம் மிசுஷிமா சுடோமு. எபிசோடுக்கு மூன்று குட்டிக் கதைகள். கடலை அசுத்தப்படுத்தும் மனிதகுலத்தை அடக்குவேன் என்று கடலுக்கு அடியிலிருந்து ஒரு கணவாய்ப் பெண் கரையேறி வருகிறாள். தலைமுடியே பத்துக் கரங்கள். மிரட்டுவதற்காகக் கடற்கரைச் சாப்பாட்டுக் கடையின் சுவரில் ஓர் அடி அடிக்கிறாள், சுவரில் ஓட்டை. உடைத்த சுவருக்குப் பணம் கொடு என்கிறார்கள் கடைக்கார அக்கா தங்கைகள். பணம் ஏது? அங்கேயே பரிமாறுகிற வேலை. படையெடுப்பு ஐந்து நிமிடத்தில் முடிந்து கடன் ஆரம்பித்துவிடுகிறது. ஒரே தடவையில் பத்து மேஜைக்குத் தட்டு எடுத்துப் போவதால் கடைக்கு அவள் பெரிய வரப்பிரசாதம்.

"அவள் ஏலியன் இல்லையே, இந்த இழையில் எதற்கு" என்று யாராவது கேட்பதற்கு முன்னால் சொல்லிவிடுகிறேன். அந்தத் தொடரிலேயே சின்டி கேம்ப்பெல் என்று ஓர் அமெரிக்க ஆராய்ச்சியாளர் வருகிறார். இவள் வேற்றுக்கிரகவாசி என்று அடித்துச் சொல்கிறார். இவள் "நான் கடலிலிருந்து வந்தவள்" என்று எத்தனை தடவை சொன்னாலும் அவர் காதில் ஏறாது. அதனால் சின்டி கட்சியில் சேர்ந்து நானும் அவளை இங்கே கொண்டுவருகிறேன்.

ஒரு வித்தியாசம் மட்டும் சொல்லவேண்டும். கெரோரோவுக்குப் பின்னால் ஒரு ராணுவம் இருக்கிறது, அவன் கீழே விழுந்தாலும் உயரத்திலிருந்து விழுகிறான். இவளுக்கு யாருமே இல்லை. தனியாக வந்தாள். அவள் தோற்கும்போது எனக்குச் சிரிப்போடு கொஞ்சம் பாசமும் வருகிறது. இறாலைக் கண்டதும் படையெடுப்பை மறந்துவிடும் அந்த முகத்தைப் பார்த்து யாரால் கோபப்பட முடியும்?

பழையசேனல் எழுதியது:

நல்ல இழை. வயசானவன் நான் கொஞ்சம் முன்னால் போய்ப் பார்க்கிறேன்.

பூமியைப் பிடிக்க வந்தவன் ஜப்பானிய வீட்டுக்குள் உட்கார்ந்திருக்கிறான் என்கிற காட்சி கெரோரோவில் தொடங்கியது இல்லை. 1967-இல் வந்த உல்ட்ராசெவன் தொடரின் எட்டாவது எபிசோடு, இயக்கம் ஜிஸ்ஸோஜி அகியோ. மெட்ரோன் என்கிற வேற்றுக்கிரகவாசி ஒரு பழைய குடியிருப்பு அறையில், பாய் விரித்த தரையில், தாழ்வான சாப்பாட்டு மேஜைக்கு ஒரு பக்கம் உட்கார்ந்திருக்கிறான். எதிரில் ஹீரோ. ரெண்டு பேரும் படையெடுப்பைப் பற்றி நிதானமாகப் பேசுகிறார்கள். அது நகைச்சுவைக் கதையே இல்லை, மனிதர்களுக்குள் ஒருவர்மேல் ஒருவருக்கு இருக்கும் நம்பிக்கையை அழிப்பதுதான் அவன் திட்டம். ஆனால் அந்தக் காட்சியைப் பார்த்து வளர்ந்த தலைமுறைதான் பின்னால் இந்த நகைச்சுவைகளை எல்லாம் செய்தது. விண்வெளியும் வீட்டு மேஜையும் ஒரே சட்டத்துக்குள் வரலாம் என்பதை அது காட்டிவிட்டது.

அப்புறம் உருசெய் யாட்சுரா. தகாஹாஷி ரூமிகோ 1978-இல் தொடங்கிய மாங்கா. 1981-இல் டிவிக்கு வந்தபோது ஆரம்ப வாரங்களில் அரைமணி நேரத்தை இரண்டாகப் பிரித்து இரண்டு கதை போட்டார்கள், பச்சைத்தொப்பி சொன்ன அதே அமைப்பு. ஓனி என்கிற கொம்புவைத்த அரக்கர் உருவ ஏலியன்கள் பூமிக்கு வருகிறார்கள். பத்து நாளைக்குள் அவர்களில் லம் என்கிற பெண்ணின் கொம்பைப் பிடித்துவிட்டால் பூமி தப்பிக்கும், ஓடிப் பிடிக்கிற விளையாட்டுதான் போட்டி. பூமிக்காக ஓடுகிறவன் அடாரு, ஜப்பானிலேயே பெரிய ஜொள்ளன். கடைசி நாளில் ஜெயிக்கிறான், ஜெயித்த சந்தோஷத்தில் "இனி கல்யாணம்தான்!" என்று கத்துகிறான். அவன் சொன்னது தன் பள்ளித் தோழி ஷினோபுவை. லம் தன்னைத்தான் சொல்கிறான் என்று எடுத்துக்கொள்கிறாள். படையெடுப்பு அங்கே முடிந்து குடித்தனம் ஆரம்பிக்கிறது.

கெரோரோவில் அங்கோல் மோவா என்று ஒரு பெண் வருகிறாளே, அவளைப் பற்றியும் ஒரு வார்த்தை. ஜப்பானில் 1973-இல் கோதோ பென் எழுதிய ஒரு புத்தகம் சக்கைப்போடு போட்டு, 1999 ஜூலையில் "பயங்கரத்தின் அரசன்" வானத்திலிருந்து இறங்கி உலகம் முடியும் என்கிற நாஸ்ட்ரடாமஸ் ஜோசியத்தை வீடுவீடாகப் பரப்பியது. அந்தத் தலைமுறைப் பிள்ளைகள் எத்தனையோ பேர் தங்களுக்கு 1999-க்குப் பிறகு வாழ்க்கையே இல்லை என்று நம்பி வளர்ந்தார்கள். மாங்கா ஆரம்பித்த வருஷமும் 1999-தான். மோவா உலகத்தை அழிக்க வந்தவள். சொன்ன நேரத்துக்கு எழுந்திருக்காமல் தூங்கிவிட்டாள், அதனால்தான் உலகம் பிழைத்தது. அவ்வளவு நாள் பயந்த பயத்தை இவ்வளவு மென்மையாக இறக்கிவைத்த இன்னொரு நகைச்சுவையை நான் பார்த்ததில்லை. இப்போது அவள் கெரோரோவை மாமா என்று கூப்பிட்டுக்கொண்டு கூட்டத்துக்குக் கூட்டம் டீ கொடுக்கிறாள்.

புதுவரவு எழுதியது:

அண்ணாக்கள் அக்காக்கள் எல்லாருக்கும் வணக்கம். இந்த இழையைப் படித்துவிட்டு ஒரு வாரமாகக் கெரோரோ பார்க்கிறேன். ஒரு சந்தேகம். டொரோரோவை மற்ற நாலு பேரும் மறந்துவிடுகிறார்களே, அதற்கு எல்லாரும் சிரிக்கிறார்கள், எனக்குச் சிரிப்பே வரவில்லை. கூட்டத்துக்குக் கூப்பிடமாட்டேன் என்கிறார்கள், பெயரைச் சொன்னாலும் யார் என்கிறார்கள். அவன் மூலையில் உட்கார்ந்து அழுகிறான். பள்ளியில் இப்படி ஒரு பையனை எனக்குத் தெரியும். இதை நகைச்சுவையாக எடுத்துக்கொள்ளவேண்டுமா?

கடற்கரைக்கடை எழுதியது:

தம்பி, நீங்கள் கேட்டது சரியான கேள்வி. எனக்கும் அந்த இடம் உறுத்தும். முதல் சில தடவை சிரிப்பு வரும், அப்புறம் வராது.

பச்சைத்தொப்பி எழுதியது:

இதற்கு நிதானமாகப் பதில் சொல்லணும் என்று நேற்று எழுதாமல் விட்டேன்.

டொரோரோவின் பழைய பெயர் செரோரோ. கெரோரோவுக்கும் கிரோரோவுக்கும் சிறுவயதுத் தோழன். வசதியான வீட்டுப் பையன், உடம்பு சரியில்லாதவன், நல்லவன். கெரோரோவின் குறும்புக்கு எப்போதும் பலி அவன்தான். அவன் பொம்மையை இரவல் வாங்கி உடைப்பது, பழியை அவன்மேல் போடுவது என்று. பெரியவனாகி முதல்தர மறைமுகக் கொலையாளியாக, ஐந்து பேரில் திறமைசாலியாக ஆகிறான். ஆனால் அந்தப் பழைய நினைவு ஒன்று கிளம்பினால் போதும், முழங்காலைக் கட்டிக்கொண்டு அப்படியே உட்கார்ந்துவிடுவான்.

தொடர் இதைச் சில நேரம் மலிவாகப் பயன்படுத்துகிறது, மறுக்கவில்லை. ஆனால் ஒரு விஷயத்தைக் கவனியுங்கள் தம்பி. ஐந்து பேரில் பூமியைப் பிடிக்கக் கூடாது என்று வாய்விட்டுச் சொல்வது அவன் ஒருவன்தான். ஆறு, மரம், பூச்சி என்று இந்தக் கிரகத்தை அவன் பார்த்த மாதிரி மற்றவர்கள் பார்க்கவில்லை. தங்கும் இடமும் தனி, கோயுகி என்கிற நிஞ்ஜாப் பெண்ணோடு. அவள் அவனை ஒருநாளும் மறந்ததில்லை. படை மறந்தவனைப் பூமியில் ஒருத்தி ஞாபகம் வைத்திருக்கிறாள், அவன் பூமியின் பக்கம் நிற்கிறான். எழுதியவர்கள் இதைத் தெரிந்துதான் செய்தார்கள் என்று நம்புகிறேன். உங்களுக்குச் சிரிப்பு வரவில்லை என்றால் அந்தக் கதைகளைச் சரியாகத்தான் பார்க்கிறீர்கள்.

கடைசிபெஞ்ச் எழுதியது:

டொரோரோ பதில் நன்றாக இருந்தது. அவனுக்குக் குரல் கொடுத்த குசாவோ தகேஷியையும் சொல்லணும். டிராகன் பால் இசட்டில் டிரங்க்ஸ் அவர்தான். அந்தக் கம்பீரக் குரல் ஒரே நொடியில் குழந்தை அழுகையாக உடையும் இடம் இருக்கிறதே, அதைத் தட்டச்சு செய்து காட்டமுடியாது. குருருவுக்கு கோயாசு தகேஹிதோ, ஜோஜோவில் டியோ. கிரோரோவுக்கு நகாதா ஜோஜி, ஹெல்சிங்கில் அலுகார்ட். வில்லன் குரலுக்குப் பேர்போனவர்களைக் கூப்பிட்டுத் தவளைக்குப் பேசவைத்திருக்கிறார்கள். அவர்கள் யாரும் விளையாட்டாகப் பேசவில்லை. கிரோரோ தோட்டத்துக் கூடாரத்தின் முன்னால் தீமூட்டி சர்க்கரைவள்ளிக்கிழங்கு சுட்டுக்கொண்டே நட்சுமியின் ஜன்னலைப் பார்ப்பான். நகாதா அந்த வசனத்தைப் போர்க்களத்தில் பேசுவது மாதிரியே பேசுவார்.

நட்சுமி விஷயத்தில் நான் பாதி இறங்கிவருகிறேன். நல்ல கதைகளில் உதை வருவதற்கு முன்னாலேயே கெரோரோ தோற்றுவிடுகிறான், உதை சும்மா முற்றுப்புள்ளி. அது சரி. ஆனால் மற்ற பாதிக்கு என் பழைய கருத்துதான்.

புதுவரவு எழுதியது:

நன்றி அண்ணா. இன்னொன்று, 358-ஐயும் பார்க்க நேரம் இல்லை. எங்கே ஆரம்பித்து எங்கே நிறுத்தலாம்?

பச்சைத்தொப்பி எழுதியது:

முதல் பருவம் முழுக்க, இரண்டாம் பருவம் முழுக்க, அதாவது கருரு கதை வரை. அதுவரை சாதோ ஜூனிச்சியின் மேற்பார்வை நன்றாகத் தெரியும். சைலர் மூனை ஆரம்பித்துவைத்த இயக்குநர் அவர், வீட்டுக்குள் நடக்கும் சின்னச் சின்ன விஷயங்களை அழகாக எடுப்பார். பிறகு பிடித்தால் தொடருங்கள், இல்லையென்றால் மழைக்காலக் கதைகளை மட்டும் தேடிப் பாருங்கள். ஆங்கில டப்பில் முழுத் தொடரும் வரவில்லை, அதிலும் நகைச்சுவையை நிறைய மாற்றியிருக்கிறார்கள். ஜப்பானிய ஒலியில் சப்டைட்டிலோடு பார்ப்பதே நல்லது. அப்போதுதான் ஃபுஜிவாரா கெய்ஜியின் பின்னணிக் குரலும் கிடைக்கும். அவர் 2020-இல் காலமானார். பாதி எபிசோடுகளில் சிரிப்பு கெரோரோ செய்வதில் இல்லை, அதை அவர் ஒரு போர் ஆவணப்படம் மாதிரி விவரிப்பதில்தான் இருக்கிறது.

2014-இல் கெரோரோ என்றே பெயர் வைத்து சில நிமிடங்கள் மட்டும் ஓடும் ஃப்ளாஷ் தொடர் ஒன்று வந்தது. அதையும் பார்த்தேன். நீளம் குறைந்தபோது அந்த வீடும் காணாமல் போய்விட்டது, வெறும் துணுக்குகள்தான் மிச்சம். பன்னிரண்டு நிமிடம் என்பது இந்தக் கதைக்குச் சரியான அளவு என்று அதைப் பார்த்தபிறகு இன்னும் உறுதியாகத் தோன்றியது. திட்டம் போட ஒரு நேரம், ஆசை வர ஒரு நேரம் வேண்டுமே.

மிசோனோகுச்சிவாசி எழுதியது:

தம்பிக்கு நேரம் இல்லை என்றால் சன்ரெட்டில் ஆரம்பிக்கச் சொல்லுங்கள். முதல் பருவம் 26 எபிசோடு, எல்லாம் கால்மணி நேரம், ஒரு வாரக் கடைசியில் முடிந்துவிடும்.

கடைசிபெஞ்ச் எழுதியது:

நான் இதுவரை சன்ரெட் பார்த்ததில்லை. வரும் ஞாயிற்றுக்கிழமை ராத்திரி ஆரம்பிக்கலாமா? ஒரு நாளுக்கு மூன்று எபிசோடு என்று வைத்துக்கொண்டு இங்கேயே எழுதிவருவோம்.

மிசோனோகுச்சிவாசி எழுதியது:

ஆரம்பிக்கலாம்! தனி இழை திறந்துவைக்கிறேன். வாம்பின் சமையல் குறிப்பு வரும் எபிசோடுகளுக்கு, அந்தப் பதார்த்தத்தை யாராவது செய்து படம் போடவேண்டும். ஜப்பானியச் சாமான் இங்கே கிடைக்காவிட்டால் எதற்குப் பதில் எதைப் போடலாம் என்று நான் சொல்கிறேன்.

கடற்கரைக்கடை எழுதியது:

சமையல் என் பொறுப்பு. இறால் வந்தால் முதலில் எனக்குச் சொல்லுங்கள்.